பீடத்தை எங்கே வைக்கப் போகிறீர்கள்? திருச்சபைக் கட்டிடக் குழுவினருக்கு ஒரு திறந்த மடல்

மட்டக்களப்பு, அம்பாறை மாவட்டங்களின் தமிழ்த் திருச்சபைகளில் கட்டிடக் குழுப் பொறுப்பை ஏற்றிருக்கும் ஐயாமார், அம்மாமார், தம்பி தங்கச்சிமார் எல்லோருக்கும் ஸ்தோத்திரம்.

பழைய கோயிலை இடித்துவிட்டுப் புதிதாகக் கட்டுவோம் என்ற பேச்சு நம் பக்கத்துச் சபைகளில் அடிக்கடி எழுகிறது. ஓடு ஒழுகுகிறது, சனம் கூடிவிட்டது, கனடாவிலும் லண்டனிலும் இருக்கிற பிள்ளைகள் காசு அனுப்பத் தயாராக இருக்கிறார்கள். நியாயமான காரணங்கள்தான். கட்ட வேண்டாம் என்று சொல்ல நான் இதை எழுதவில்லை. பிளான் கீறியே பிழைப்பு நடத்தியவன் நான். புதுக்கட்டிடத்தை வெறுத்திருந்தால் என் வீட்டில் உலை கொதித்திருக்காது.

போன வருடம் ஒரு சபையின் குழுவினர் ஒரு பிளானைக் கொண்டுவந்து என் மேசையில் விரித்தார்கள். எந்தச் சபை என்பது இங்கே வேண்டாம், நல்ல மனிதர்கள். முன்பக்கத்தில் சுவருக்குச் சுவர் மூன்றடி உயர மேடை. மேடையின் ஒரு மூலையில் ட்ரம்ஸ் வைக்கக் கண்ணாடிக் கூடு. நடுவில் எல்ஈடி திரை. பின்னால் சவுண்ட் சிஸ்டத்துக்கு ஓர் அறை. எல்லாவற்றுக்கும் அங்குலக் கணக்கில் அளவு போட்டிருந்தது. பீடம் எங்கே என்று கேட்டேன். "அது மேசைதானே ஐயா, திருவிருந்து ஞாயிறுகளில் தூக்கிக்கொண்டு வந்து வைக்கலாம்" என்றார் ஒருவர். சரி, ஞானஸ்நானத் தொட்டி? ஒருவர் முகத்தை மற்றவர் பார்த்தார்கள். பிறகு பழைய கோயிலை அளக்கப் போனபோது அந்தத் தொட்டியைக் கண்டேன். எட்டுப் பட்டையாகச் செதுக்கிய கல் தொட்டி. மணிக்கூண்டுக்கு ஏறும் படிக்கட்டின் கீழே, கிறிஸ்மஸ் சோடனைப் பெட்டிகளுக்கும் ஒரு தும்புத்தடிக்கும் நடுவில் கிடந்தது. அதற்குள் பிளாஸ்டிக் பூக்களைப் போட்டு வைத்திருந்தார்கள்.

நான் கேட்பது ஒன்றே ஒன்று. பீடம், பிரசங்க மேடை, ஞானஸ்நானத் தொட்டி ஆகிய மூன்றுக்கும் நிலையான இடத்தைக் குறியுங்கள். அதற்குப் பிறகு கதிரைக் கணக்குப் பாருங்கள்.

இதைச் சொல்ல நான் லூத்தரன் கோயில்களை, அதாவது பதினாறாம் நூற்றாண்டு ஜெர்மனியின் சீர்திருத்தக்காரர் மார்ட்டின் லூத்தரின் வழி வந்தவர்களின் கோயில்களை, துணைக்கு அழைக்கிறேன். நீங்கள் மெதடிஸ்தராக இருக்கலாம், அங்கிலிக்கராக இருக்கலாம், சுயாதீன சபையாகவும் இருக்கலாம். லூத்தர் நமக்கு என்ன உறவு என்று கேட்பீர்கள். உறவு இருக்கிறது, வருகிறேன். முதலில் கட்டிடத்தைப் பார்ப்போம்.

லூத்தரின் ஆட்கள் ஆரம்பத்தில் புதிதாக ஒன்றும் கட்டவில்லை. இருந்த கோயில்களையே வைத்துக்கொண்டார்கள். சீர்திருத்தக்காரர்களில் வேறு சிலர் சிலைகளை உடைத்து, பீடத்தையே அகற்றி, வெறும் சுவரை விட்டபோது லூத்தரன்கள் பீடத்தையும் சிலுவையையும் மெழுகுதிரியையும் இருந்த இடத்திலேயே விட்டார்கள். பிரசங்கம் கேட்பது முக்கியமாகிவிட்டதால் ஜனங்கள் நின்றுகொண்டிருந்த இடத்துக்கு வாங்குகள் வந்தன. புராட்டஸ்தாந்து வழிபாட்டுக்கென்றே கட்டிய முதல் கோயில் என்று ஜெர்மனியின் டோர்காவ் கோட்டைக்குள் இருக்கும் கோயிலைச் சொல்வார்கள். 1544இல் லூத்தரே போய்ப் பிரதிஷ்டை செய்தார். நீளமான ஒரு மண்டபம், சுற்றிவர மாடங்கள். பிரசங்க மேடையை நீளச்சுவரின் நடுவில் பதித்தார்கள், எந்தப் பக்கம் இருந்தாலும் காது கேட்கட்டும் என்று. பீடம் ஒரு முனையில், எளிமையான மேசையாக. இந்த வீட்டில் ஆண்டவர் தம் வார்த்தையால் நம்மோடு பேசுவதும் நாம் ஜெபத்தாலும் பாட்டாலும் மறுமொழி சொல்வதும் தவிர வேறொன்றும் நடக்கக்கூடாது என்பது அன்றைய பிரசங்கத்தின் சாரம்.

பிற்பாடு வேறு வகைகளும் வந்தன. 17ஆம், 18ஆம் நூற்றாண்டுகளில் ஜெர்மனியிலும் நார்வேயிலும் பீடத்துக்கு நேர் மேலே பிரசங்க மேடையை ஏற்றி, இரண்டையும் ஒரே செங்குத்துக் கோட்டில் வைத்துக் கட்டினார்கள். தொட்டியைச் சில ஊர்களில் வாசலருகே வைத்தார்கள், சில ஊர்களில் பீடத்துக்குப் பக்கத்தில். இடம் மாறியது, அளவு மாறியது. மூன்றில் ஒன்றையும் படிக்கட்டுக்குக் கீழே தள்ளவில்லை. டோர்காவ்காரருக்கும் பாட்டு முக்கியம்தான்; பாட்டுக்காரர்கள் பீடத்தை மறைத்துக்கொண்டு நிற்கவில்லை, அவ்வளவுதான்.

இனி நம் உறவுக்கு வருகிறேன். 1620இல் டென்மார்க்கின் கப்பல்கள் நம் கிழக்குக் கரைக்கு வந்தன. கண்டி மன்னன் செனரத் போத்துக்கீசருக்கு எதிராக வெளியில் துணை தேடியதன் விளைவு அது. ஓவே கெட்டே என்ற தளபதியின் தலைமையில் வந்தவர்கள் திருகோணமலையில் காலூன்றப் பார்த்தார்கள், நிலைக்கவில்லை. அதே ஆண்டு நவம்பரில் தஞ்சை ரகுநாத நாயக்கரோடு ஒப்பந்தமாகித் தரங்கம்பாடி அவர்கள் கைக்குப் போனது. டென்மார்க் லூத்தரன் நாடு. நம் கரையில் அவர்கள் நிலைத்திருந்தால் தமிழரின் முதல் லூத்தரன் கோயில் இந்தப் பக்கத்திலேயே எங்காவது எழும்பியிருக்குமோ என்று ஒரு ஆசைக்கு நினைத்துப் பார்ப்பதுண்டு. நடக்கவில்லை. 1638இல் மட்டக்களப்புக் கோட்டை ஒல்லாந்தர் கைக்கு மாறியது, அவர்களோடு இன்னொரு சீர்திருத்தக்காரரான கல்வினின் வழி வந்த சபை வந்தது. அதற்கும் பிறகு 1814இல் மெதடிஸ்த மிஷனரி வில்லியம் ஓல்ட் வந்தார், அடுத்த வருடமே இங்கே மண்ணானார். நம் ஊரில் புராட்டஸ்தாந்துக் கோயில் என்றால் எப்படி இருக்கும் என்று நமக்குப் பழக்கியவர்கள் பெரும்பாலும் மெதடிஸ்தரும் அங்கிலிக்கருமே. இலங்கையில் லூத்தரன் சபை வேர்விட்டது இருபதாம் நூற்றாண்டில், மலையகத் தமிழர் மத்தியில்.

ஆனால் நம் வாயில் இருப்பது தரங்கம்பாடியின் தமிழ். 1706 ஜூலையில் லூத்தரன் மிஷனரிமாரான சீகன்பால்கும் புளூட்சோவும் அங்கே வந்திறங்கினார்கள். 1715க்குள் தமிழ்ப் புதிய ஏற்பாடு அச்சாகிவிட்டது. அந்த வழியில் வந்த பப்ரிசியுசின் வேதமொழிபெயர்ப்பையும் ஞானப்பாட்டுகளையும் அறியாத பழைய சபை நம் பக்கத்தில் அரிது. அதே மிஷனின் சுவார்ட்ஸ் ஐயர் 1760இல் இலங்கைக்கே வந்து போனார். ஆக, பாட்டை அவர்களிடமிருந்து வாங்கிய நாம், அந்தப் பாட்டு எந்த மாதிரிக் கட்டிடத்துக்குள் பிறந்தது என்றும் ஒருதரம் பார்க்கலாம்.

தரங்கம்பாடியில் புதிய எருசலேம் ஆலயம் 1718இல் திறக்கப்பட்டது. சிலுவை வடிவம். முகப்பில் டென்மார்க் அரசன் நான்காம் பிரெடரிக்கின் முத்திரையும் கிரீடமும். கட்டிய சீகன்பால்கு அடுத்த வருடமே இறந்து, பீடத்துக்கு முன்னால் அடக்கமானார். சிலுவை வடிவத்தில் ஒரு நன்மை: கூட்டம் நான்கு கைகளிலும் உட்கார்ந்தாலும் யாரும் பீடத்துக்கு வெகு தூரத்தில் இல்லை. நீளமாக ஒரே மண்டபம் கட்டினால் கடைசி வாங்குக்காரர் பாதிரியாரின் முகத்தைத் திரையில்தான் பார்க்க வேண்டிவரும். நீங்கள் எல்ஈடி திரைக்கு ஒதுக்கும் காசில் பாதியைக் கட்டிடத்தின் வடிவத்தை யோசிப்பதற்குச் செலவழித்தால் திரையே தேவைப்படாது என்பது என் எண்ணம்.

லூத்தரன் பிளான் என்று நான் புகழ்ந்துகொண்டே போவதாக நினைக்காதீர்கள். அந்தச் சபைகளில் சாதிவாரியாக இடம் பிரித்து உட்கார வைத்தார்கள். ஒரே கூரை, ஒரே பீடம், நடுவில் ஒரு இடைவெளி. ஜெர்மன் மிஷனரிமார் வளர்த்த தஞ்சைச் சபைகள் அங்கிலிக்கர் கைக்குப் போன பிறகு, 1833இல் கல்கத்தா ஆயர் தானியேல் வில்சன் இந்தப் பிரிவினை நிற்க வேண்டும் என்று கண்டிப்பாக எழுதினார். எதிர்ப்புக் கிளம்பியது. நாம் உருகிப் பாடும் கீர்த்தனைகளைத் தந்த வேதநாயக சாஸ்திரியாரே எதிர்த்தவர்களின் பக்கம் நின்றார். நெஞ்சுக்குக் கஷ்டமான கதைதான், ஆனாலும் தெரிந்திருக்க வேண்டும். யார் எங்கே உட்காருவது என்பதைப் பிளான் தீர்மானிக்கிறது. நம் பிளான்களில் முன்வரிசையில் விசேட விருந்தினருக்கு சோபா போட இடம் விட்டு, சக்கர நாற்காலியில் வரும் அம்மாவுக்கு வாசலில் ஒரு சாய்தளம் கூட இல்லாமல் இருக்கிறதே, அதுவும் அந்த இனத்தைச் சேர்ந்த பிழைதான்.

காற்றைப் பற்றியும் சொல்ல வேண்டும். பீடம் கிழக்கே, வாசல் மேற்கே என்பது பழைய மரபு. பக்திக் காரணத்தை நீங்கள் அறிவீர்கள். வெயிலுக்கும் அது தோதான அமைப்பு. அப்படி வைத்தால் கோயிலின் நீளச்சுவர்கள் வடக்கும் தெற்குமாக விழும். காலை வெயிலும் மாலை வெயிலும் குறுகிய சுவர்களில்தான் அடிக்கும். நீளச்சுவரில் உயரமான யன்னல்களை வைத்தால் வெயில் இறங்காமல் வெளிச்சம் வரும். நம் ஊரில் கடலும் கிழக்கே இருப்பதால் மாலைக் கடற்காற்றுக்குப் பீடத்தின் இரு பக்கமும் வழி விடலாம். மேற்கிலிருந்து கச்சான் காற்று அடிக்கும் மாதங்களில் மேற்கு வாசலுக்கு முன்னால் ஒரு நல்ல விறாந்தை இருந்தால் புழுதியும் அனலும் அங்கேயே நின்றுவிடும். யன்னலையெல்லாம் கல் வைத்து அடைத்து, பொய்க்கூரை அடித்து, ஏசி பூட்டுகிறோம். கரண்ட் போனால் சபை முழுக்கப் பாட்டுப் புத்தகத்தை விசிறியாக்குகிறது.

இன்னொன்று, பழைய சுண்ணாம்புச் சுவருக்குச் சீமெந்து பூசாதீர்கள். சுண்ணாம்பு ஈரத்தை இழுத்து வெளியே விடும். மேலே சீமெந்து பூசினால் உள்ளே போன உப்பு ஈரம் வெளியேற வழியின்றிப் பூச்சையே தள்ளிக்கொண்டு வரும். சுவர் பழுதாகிவிட்டது, இடிப்போம் என்று நீங்கள் காட்டும் படங்களில் எனக்குத் தெரிவது பெரும்பாலும் அந்தச் சீமெந்துப் பூச்சுத்தான்.

பெயர் விசயத்துக்கு அதிகம் மெனக்கெட மாட்டேன். தரங்கம்பாடியில் டேனியர் தங்களுக்கென்று 1701இல் கட்டியது சீயோன் ஆலயம், தமிழருக்கு எருசலேம், பக்கத்துப் பொறையாற்றில் பெத்லகேம், சென்னையில் அடைக்கலநாதர். வேதத்தில் இருக்கும் இடத்தையோ ஆண்டவரின் குணத்தையோ பெயராக வைத்தார்கள். நம்மிடமும் சீயோன் இருக்கிறது. 2019 உயிர்த்த ஞாயிறன்று அங்கே குண்டு வெடித்த பிறகு அந்தப் பெயரைச் சொல்லும்போது மட்டக்களப்பில் எவருக்கும் குரல் ஒரு கணம் தாழும். பெயரைக் கொண்டு சபைப் பிரிவைக் கண்டுபிடிக்க முடியாது என்பதற்கு இந்த இரண்டு சீயோன்களே போதும்.

எனக்குக் கவலை பெயரை விட நினைவுக்கல்லைப் பற்றியது. நம் கற்களில் திறந்து வைத்தவரின் பட்டங்கள் மூன்று வரிக்கு இருக்கின்றன. நன்கொடை தந்தவரின் பெயர் தங்க எழுத்தில் இருக்கிறது. (டென்மார்க் அரசனும் தன் முத்திரையைப் பதித்தவன்தானே, இது பழைய வியாதி.) அந்த இடத்தில் முன்பு என்ன கோயில் இருந்தது, எப்போது கட்டியது, 1978 சூறாவளியில் கூரை போனதா, 2004 சுனாமியில் தண்ணீர் எவ்வளவு உயரத்துக்கு வந்தது, எந்த மேசன் கட்டினார் என்று ஒரு சொல் கிடையாது. சுனாமிக்குப் பிறகு கட்டிய சில கோயில்களில் வெளிநாட்டு நிறுவனத்தின் பெயரைத் தவிர வேறு எழுத்தே இல்லை. இருபது வருடம்தான் ஆகிறது, அதற்குள் பழைய கோயில் எந்தத் திசை பார்த்து நின்றது என்பதிலேயே பெரியவர்கள் சண்டை பிடிக்கிறார்கள்.

ஆகவே இடிக்கத்தான் போகிறீர்கள் என்றால், இடிக்கும் முன் அளந்து படம் கீறி வையுங்கள். நான்கு பக்க முகப்பு, ஒரு தரைப்படம், ஒரு குறுக்குவெட்டு. ஒவ்வொரு யன்னலுக்கும் கதவுக்கும் போட்டோ. கூரை மரம் என்ன மரம், ஓட்டின் அடியில் என்ன முத்திரை என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள். டிரெஸ்டன் நகரின் பெரிய லூத்தரன் கோயிலான பிராவென்கிர்க்கே 1945இல் குண்டுவீச்சில் எரிந்து சரிந்தது. 2005இல் அதைத் திரும்ப எழுப்பி முடித்தபோது இடிபாட்டில் எடுத்த பழைய கற்களையும் சுவரில் சேர்த்தார்கள். எந்தக் கல் எங்கே இருந்தது என்று தேட அவர்கள் கையில் பழைய படங்களும் அளவுகளும் இருந்தன. நம் பழைய கோயில்களில் எத்தனைக்கு ஒரு தரைப்படமாவது இருக்கிறது? சபை அலுமாரியைத் திறந்து பாருங்கள். பெரும்பாலும் கணக்குப் புத்தகமும் கரப்பான்பூச்சியும்தான் இருக்கும்.

அளப்பதற்கு ஆள் இல்லை என்று சொல்லாதீர்கள். தொழில்நுட்பக் கல்லூரியில் படவரைஞர் பாடம் படிக்கும் பிள்ளைகள் நம் சபைகளிலேயே இருக்கிறார்கள். ஒரு நீள நாடாவும் ஏணியும் கொடுத்தால் இரண்டு சனிக்கிழமையில் முடித்துவிடுவார்கள். மத்தியானச் சாப்பாட்டை மாதர் சங்கம் பார்த்துக்கொள்ளட்டும். கீறிய படங்களைச் சரிபார்த்துத் தருவது என் பொறுப்பு, கூலி வேண்டாம்.

அடுத்த குழுக் கூட்டத்தில் கொந்தராத்துக்காரர் எஸ்டிமேட்டை நீட்டும்போது, எத்தனை பேர் இருக்கலாம் என்று கேட்பதற்கு முன்னால் மூன்று கேள்வி கேளுங்கள். பீடம் எங்கே? பிரசங்க மேடை எங்கே? தொட்டி எங்கே? பிளானில் விரலை வைத்துக் காட்ட முடியாவிட்டால் அதைச் சுருட்டிக் கையில் கொடுத்து அனுப்பிவிடுங்கள். அதோடு, யாராவது போய் அந்தத் தொட்டிக்குள் இருக்கிற பிளாஸ்டிக் பூக்களை எடுத்துவிடுங்கள்.

அன்புடன்,
கல்லடியிலிருந்து ஓய்வுபெற்ற படவரைஞர் ஒருவர்