நபேந்து கோஷ் காட்சிப் பட்டியல்: கைகொடுத்தவர்களுக்கு நன்றி மடல்

அன்புடையீர்,

வணக்கம். நபேந்து கோஷ் திரைக்கதை எழுதிய 'தேவதாஸ்' (1955), 'சுஜாதா' (1959), 'பந்தினி' (1963) ஆகிய மூன்று இந்திப் படங்களுக்கும் தமிழில் காட்சிவாரிப் பட்டியல் முடிந்துவிட்டது. உங்கள் உழைப்பு அது.

முதல் நன்றி, டைட்டில் கார்டுகளை நிறுத்தி நிறுத்தி எழுதியெடுத்தவர்களுக்கு. டாக்காவில் 1917இல் பிறந்த கோஷ் வங்க நாவலாசிரியர். பிரிவினைக்குப் பின் கல்கத்தாவின் படத்தொழில் கிழக்கு வங்கச் சந்தையை இழந்து தவித்தபோது, இயக்குநர் பிமல் ராய், படத்தொகுப்பாளர் ஹிருஷிகேஷ் முகர்ஜியோடு பம்பாய் போனவர். அங்கே அவர் வேலை திரைக்கதை என்று அந்தக் கார்டுகள் காட்டின. வசனம் வேறு ஆள். 'தேவதாஸ்' வசனம் ராஜிந்தர் சிங் பேடி, 'பந்தினி' வசனம் பால் மகேந்திரா. எனவே வசனத்தைக் கேட்டு "கோஷ் எப்படி எழுதியிருக்கிறார் பார்!" என்று வியந்தால் பாராட்டு தவறான முகவரிக்குப் போய்விடும். எந்தக் காட்சிக்குப் பின் எது வருகிறது, எங்கே பேச்சே இல்லை என்று பார்க்க வேண்டும்.

அதைப் பார்க்கக் கற்றுத் தந்தவர்கள், வங்க மூலத்தைப் படித்து, நாவல் ஒரு பக்கம் படம் ஒரு பக்கம் என்று ஒப்பிட்ட நண்பர்கள். சரத்சந்திரரின் 'தேவதாஸ்' நாவலில் பார்வதியும் சந்திரமுகியும் சந்திப்பதே இல்லை. படத்தில் பார்வதியின் பல்லக்கு வரும் வழியில் சந்திரமுகி (நம் வைஜெயந்திமாலா) நடந்து வருகிறாள். ஒரு பார்வை, அவ்வளவுதான். நாகேஸ்வர ராவின் தேவதாஸிலேயே ஊறிப்போன நமக்கு இந்த மௌனம் புதிது.

'பந்தினி'யில் கொலைக்கு முந்தைய கணங்களும் அப்படித்தான். நாயகி நூதன் பேசுவதில்லை, வெளியே இரும்படிக்கும் ஓசையும், அவர் முகத்தில் விட்டுவிட்டு விழும் வெல்டிங் வெளிச்சமும்தான். வசனத்தை மட்டும் குறித்தால் பட்டியலில் இந்த இடம் வெற்றாகக் கிடக்கும். 'ஓசை, ஒளி' என்று தனிக் கட்டம் போடச் சொன்னவருக்குத் தனி நன்றி. சிறையில் தொடங்கிப் பின்னோக்கிப் போய்த் திரும்பும் கதை என்பதால், திரையில் வரும் வரிசைக்கு ஒரு நிறம், நடந்த வரிசைக்கு ஒரு நிறம் என்று எண்ணிட்டவர்களுக்கும்.

நேரக் குறிப்பு பெரிய தலைவலி. வினாடிக்கு 24 பிரேமில் எடுத்த படம் 25இல் ஓடும் டிவிடியாக மாறினால் 100 நிமிடம் 96 ஆகிவிடும். பாட்டை வெட்டிய பிரதி என்றால் கணக்கே கிடையாது. நிமிடத்தை விட்டுவிட்டு ஒவ்வொரு காட்சியையும் அதன் முதல் ஷாட்டையும் கடைசி வசனத்தையும் வைத்து அடையாளமிட்ட யோசனைதான் காப்பாற்றியது. எந்தப் பிரதியிலும் தேடி எடுத்துவிடலாம்.

இரவல் தந்த வங்க நூல்கள் அட்டை போட்டுத் தபாலில் திரும்பி வரும்.

அடுத்தது 'தீஸ்ரி கசம்' (1966). அதில் கதையும் வசனமும் பணீஸ்வர்நாத் ரேணு, திரைக்கதை கோஷ். கதை எழுதியவரே வசனமும் எழுதியிருப்பதால் இருவர் கையையும் பிரித்தறிவது கடினம். ரேணுவின் கதையை இந்தியிலேயே படித்துச் சொல்லக்கூடியவர்கள் தெரிவியுங்கள்.

நன்றியுடன்,
பட்டியல் குழுவினர்