உன் கை, என் கேன்வாஸ்

டேய்,

இன்னையோட பத்து வருஷம். போன்லயே சொல்லியிருக்கலாம், ஆனா உன் மேனேஜர் எடுத்து "சார் ஷாட்ல இருக்காரு"ம்பாரு, எதுக்கு வம்பு.

முதல்ல மன்னிப்பு. உன் கண்காட்சியில "இங்க விக்கிறது படம் இல்ல, மூஞ்சி"ன்னு நாலு பேர் முன்னாடி நான் சொல்லியிருக்கக் கூடாது. ஆனா நீயும் பாத்தல்ல, வந்தவங்கள்ல பாதிப்பேர் படத்துக்கு முதுகக் காட்டிட்டு உன்கூட செல்ஃபி எடுத்துட்டிருந்தாங்க, அதப் பாத்துட்டு வாய் சும்மா இருக்குமா? சரி விடு, தப்புதான்.

எனக்குத் திரும்பத் திரும்ப வர்றது பத்து வருஷம் முந்தின அந்த ராத்திரிதான். ஒரு சினிமாவுல ஹீரோ படம் வரையற சீன், கை மட்டும் க்ளோஸப், ஹீரோவுக்குப் பதிலா என் கை. எத்தனை டேக் போனாலும் கன்டினியூட்டி இடிக்கக் கூடாது, ஒவ்வொரு டேக்லயும் படம் ஒரே மாதிரி தெரியணும்னு ஒரே படம் மூணு கேன்வாஸ்ல கேட்டாங்க, ஒண்ணு வெறும் அவுட்லைன், ஒண்ணு பாதி, ஒண்ணு முழுசு. ஆயில்னா காயவே நாள்கணக்காகும், லைட் பட்டா பளபளன்னு அடிக்கும், அதனால அக்ரிலிக். நான் விடிய விடிய வரைஞ்சேன், நீ ஹேர் டிரையர் பிடிச்சுக் காயவெச்ச, நடுவுல பிரஷ்ஷ வாயில கவ்விக்கிட்டு ஹீரோ மாதிரியே ஒரு லுக் விட்ட பாரு, சிரிச்ச சிரிப்புல என் கோடு கோணிப்போச்சு. அப்புறம் அந்தக் கோணல மூணுலயும் அதே மாதிரி போட நான் பட்ட பாடு!

காலைல என் கை நடுங்குச்சு. "தூக்கமில்ல, நீ போ"ன்னு உன்னை அனுப்பிட்டேன். படம் என்னுது, கை உன்னுது, மூஞ்சி ஹீரோவோடது. மானிட்டர்ல பாத்துட்டிருந்த டைரக்டர் "தம்பி, கொஞ்சம் இப்படித் திரும்பு"ன்னாரு, நீ திரும்பின.

அது தூக்கமில்லாத நடுக்கம் இல்லடா. கேமரான்னா பயம் எனக்கு. இத்தனை வருஷமா உனக்கு விட்டுக்குடுத்த மாதிரியே நடந்துக்கிட்டேன்.

மூணாவது கேன்வாஸ் எங்க மாட்டியிருக்கு, கீழ யார் கையெழுத்துன்னு உனக்கும் எனக்கும் தெரியும். இங்க நிறைய பேர் படிப்பாங்க, அதுக்கு மேல எழுதல.

நடிகனுக்கு எதுக்குடா ஓவியம்னு கேட்டா நடிகர் சிவகுமார் சாரைச் சொல்லுவ, அவரும் ஓவியக் கல்லூரியில படிச்சுட்டு 1965ல நடிக்க வந்தவர்தானேன்னு. அவர் மாணவரா இருந்தப்ப போட்ட படங்களப் பத்தி இன்னைக்கும் பேசுறாங்கடா. உன் புதுப் படங்கள்ல கோடெல்லாம் எங்கயோ ஓடுது, கேரவன்ல ரெண்டு ஷாட்டுக்கு நடுவுல போட்டதுன்னு பாத்தாலே தெரியுது. ஆனா கடைசியா வந்த உன் சினிமாவுல ஒரு வார்த்தை பேசாம ஜன்னல் வெளிச்சத்தப் பாப்பியே, அப்படிப் பாக்க வரையறவனால மட்டும்தான் முடியும். தியேட்டர்ல அழுதுட்டேன், பக்கத்து சீட்காரர் ஒரு மாதிரி பாத்தாரு.

ஸ்டுடியோவ இந்த மாசத்தோட காலி பண்றேன். பாதி வரைஞ்சது எனக்கு வேணும். அவுட்லைன் உனக்கு, வந்து எடுத்துக்கோ. மேனேஜர அனுப்பாத.