ஏன் என்று கேட்டால் விசுவாசம் குறைந்துவிடுமா?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

போன ஞாயிறு உங்கள் பத்திரிகையின் ஆன்மிகப் பக்கத்தில், கிறிஸ்தவனுக்கு உளவளத்துணை தேவையில்லை என்று வந்த கட்டுரையை இரண்டு தடவை வாசித்தேன். முதல் தடவை கோபத்தோடு. இரண்டாம் தடவை, சரி, மனுஷன் என்னதான் சொல்ல வருகிறார் பார்ப்போமே என்று. உளப்பகுப்பாய்வு என்ற பேச்சுவழிச் சிகிச்சையைத் தொடங்கிய வியன்னா வைத்தியர் பிராய்ட், கடவுளே இல்லை என்றவர், ஆகவே அவர் வழி வந்ததெல்லாம் விசுவாசத்துக்கு எதிரி, மனம் சோர்ந்தவன் முழங்காலில் நின்றால் போதும். இதுதான் சாரம். முழங்காலில் நிற்பது பற்றி எனக்கு ஒரு முறைப்பாடும் இல்லை. நானும் நின்றவன்தான், இப்போது மூட்டுவலியால் கதிரையில் இருந்தபடி செபிக்கிறேன். ஆனால் அந்தக் கட்டுரை என் மாமியின் கையில் கிடைத்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று யோசித்தபோதுதான் பேனையை எடுத்தேன்.

மாமிக்கு ஒரே மகன். 1990இல் ஒரு காலை சைக்கிளில் கடைக்குப் போனவன் திரும்பவில்லை. அந்த வருடம் மட்டக்களப்பில் அப்படிப் போனவர்கள் எத்தனை பேர் என்று இங்குள்ளவர்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. பாதிரியார்கூடத் தப்பவில்லை. புனித மிக்கேல் கல்லூரியில் பிள்ளைகளுக்குக் கூடைப்பந்து பழக்கிய அமெரிக்க இயேசுசபைத் துறவி யூஜின் ஹெபர்ட் அடிகளார், அதே வருடம் ஆகஸ்ட் 15ஆம் திகதி, மாதாவின் விண்ணேற்புத் திருநாளன்று, வாழைச்சேனையிலிருந்து வரும் வழியில் கூட வந்த இளைஞரோடு காணாமல் போனார். இன்றுவரை இருவருக்கும் ஒரு கல்லறை இல்லை. மாமியும் அப்படித்தான் ஒரு கல்லறை இல்லாமல் இருந்தார். இரவில் முன்கதவைத் தாழ்ப்பாள் போட மாட்டார், வந்தால் தட்டிக்கொண்டு நிற்பானாம்.

தொடக்கத்தில் எல்லோரும் ஆறுதல் சொன்னார்கள். வருடங்கள் போகப் போக ஆறுதல் புத்திமதியானது. ஒரு செபக் கூட்டத்தில் (எந்தச் சபை என்று சொல்ல மாட்டேன், எங்கள் வீடு பாதி மெதடிஸ்தம் பாதி கத்தோலிக்கம், சொன்னால் வீட்டுக்குள்ளேயே சண்டை வரும்) ஊழியர் ஒருவர் எல்லோருக்கும் முன்னால் மாமியின் தலையில் கைவைத்து, இன்னும் அழுவது விசுவாசக் குறைவு, இது சோர்வின் ஆவி, விட்டுவிடுங்கள் அம்மா என்றார். மாமி விட்டுவிட்டார். அதற்குப் பிறகு ஒரு வருடம் அவர் அழவே இல்லை. சரியாகச் சாப்பிடவும் இல்லை, தூங்கவும் இல்லை.

இந்த இடத்தில்தான் பிராய்ட் எனக்கு உதவினார், கட்டுரையாளர் மன்னிக்க வேண்டும். 1917இல் வெளிவந்த ஒரு கட்டுரையில் அவர் துக்கத்தை ஒரு வேலை என்கிறார். போனவரைப் பற்றிய நினைவுகளை மனம் ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்து, ஒவ்வொன்றிலும் அவர் இனி இல்லை என்று ஒப்புக்கொள்ள வேண்டியிருக்கிறது, அதற்கு நாள் பிடிக்கும், வலிக்கும், யாரும் அவசரப்படுத்த முடியாது. அந்த வேலை அடைபட்டுப் போனால், போனவர்மேல் வரவேண்டிய கோபம் தன்மேலேயே திரும்பி, ஆள் தன்னையே குற்றம் சொல்லத் தொடங்கிவிடுவார் என்கிறார். மாமி அந்த ஒரு வருடம் முழுக்கச் சொன்னது ஒரே வசனம்தான்: "நான்தானே அவனை மா வாங்க அனுப்பினனான்." வியன்னாவில் இருந்த மனுஷனுக்கு எங்கள் மாமியை எப்படித் தெரிந்தது என்று நான் ஆச்சரியப்பட்டதுண்டு. நம்முடைய ஒப்பாரியும் இதே வேலையைத்தான் செய்கிறது, அவன் நடந்த நடை, உடுத்த சாரம், கேட்டு வாங்கித் தின்ற கறி என்று ஒவ்வொன்றாகச் சொல்லி அழுவது. ஆனால் ஒப்பாரிக்கு நடுவில் ஒரு உடல் கிடக்க வேண்டும். உடல் இல்லாத வீட்டில் எதைச் சுற்றி இருந்து அழுவது? அமெரிக்காவில் போலின் பொஸ் என்ற குடும்ப உளவியலாளர், வியட்நாம் போரில் காணாமல் போன விமானிகளின் மனைவிமாரோடு பேசியே இப்படி முடிவு தெரியாத இழப்பைப் பற்றி எழுதினார். அவருடைய வாதம், இந்தத் துக்கம் முடியாமல் இழுபடுவது அந்தப் பெண்ணின் பலவீனம் அல்ல, இழப்பின் தன்மையே அப்படி என்பது. அதை அன்று யாராவது மாமிக்குச் சொல்லியிருக்கலாம்.

சரி, பிராய்ட் மதத்தின் எதிரியா? மதம் ஒரு மாயை என்று 1927இல் புத்தகமே எழுதினார், மறுக்கவில்லை. ஆனால் கட்டுரையாளர் சொல்லாமல் விட்ட பாதி ஒன்று இருக்கிறது. சூரிச் நகரில் ஒஸ்கர் பிஸ்டர் என்று ஒரு புரட்டஸ்தாந்து போதகர் இருந்தார். 1909இல் பிராய்டுக்கும் அவருக்கும் கடிதப் போக்குவரத்துத் தொடங்கி, பிராய்ட் சாகும்வரை, ஏறக்குறைய 30 வருடம், நட்பு முறியவில்லை. உளப்பகுப்பாய்வு தன்னளவில் மதம் சார்ந்ததும் இல்லை, மதத்துக்கு எதிரானதும் இல்லை, துன்பப்படுகிறவனை விடுவிக்கப் போதகரும் அதை எடுக்கலாம், மற்றவரும் எடுக்கலாம் என்று பிராய்டே அவருக்கு எழுதினார். இன்னொரு கடிதத்தில் குறும்பாக ஒரு கேள்வி: இத்தனை பக்திமான்கள் இருந்தும் ஒருவர்கூட இதைக் கண்டுபிடிக்காமல், கடவுள் நம்பிக்கையே இல்லாத ஒரு யூதன் வரும்வரை ஏன் காத்திருக்க வேண்டி வந்தது? எனக்கு இந்தக் கேள்வி இன்னும் குத்துகிறது. பிஸ்டர் தன் போதகர் அங்கியையும் கழற்றவில்லை, உளப்பகுப்பாய்வையும் விடவில்லை. பயத்தின்மேல் கட்டிய மதத்துக்குத்தான் பிராய்டின் அடி பொருந்தும், இயேசுவின் அன்பு அந்தப் பயத்தையே கலைக்க வந்தது என்பது அவர் நிலைப்பாடு. நம் பிரசங்கங்கள் சிலவற்றில் கணக்குக் கொப்பியும் பிரம்புமாக வந்து நிற்கும் கடவுளைக் கேட்கும்போது, பிராய்ட் முழுக்கப் பிழை என்று சொல்ல எனக்கு வாய் வருவதில்லை. ஆனால் எல்லா விசுவாசத்தையும் தகப்பனைத் தேடும் பிள்ளையின் ஏக்கமாகச் சுருக்கியது அவர் அளவு மீறிய இடம், அதையும் சொல்லிவிடுகிறேன்.

உயர்தர வகுப்புக்குக் கிறிஸ்தவ நாகரிகம் படிப்பித்த காலத்தில் நான் பிள்ளைகளுக்கு அடிக்கடி சொன்ன பெயர் போல் டில்லிச். முதலாம் உலகப் போரில் ஜேர்மன் படையோடு போன போதகர், கூட இருந்தவர்களை அடக்கம் செய்து செய்தே மனம் உடைந்து போனவர். 1933இல் நாசிகள் அவரைப் பல்கலைக்கழக வேலையிலிருந்து நீக்க, நியூயோர்க் போனார். அவர் கலக்கத்தை இரண்டாகப் பார்த்தார். சாவு, குற்றம், வாழ்க்கைக்கு அர்த்தமில்லையோ என்ற வெறுமை, இவை மனுஷனாகப் பிறந்தவனுக்கெல்லாம் உள்ள கலக்கம், இதற்கு மருந்துச் சீட்டு எழுத முடியாது. நோயாகிவிட்ட கலக்கம் வேறு, அதற்கு வைத்தியர் வேண்டும். போதகரும் வைத்தியரும் ஒருவர் கதிரையில் மற்றவர் ஏறி இருக்கக்கூடாது, ஆனால் பேசிக்கொள்ள வேண்டும் என்றார். சந்தேகத்தையும் அவர் விசுவாசத்துக்கு வெளியே நிறுத்தவில்லை, உள்ளேயே அதற்கும் ஒரு இடம் வைத்தார். இதைவிடச் சுருக்கமாக நம் கட்டுரையாளருக்குப் பதில் சொல்ல எனக்குத் தெரியாது.

ஆனால் ஜேர்மனிக்கு ஏன் போக வேண்டும், வேதாகமத்தையே எடுங்கள். எல்லாவற்றையும் இழந்த யோபுவின் கூட்டாளிகள் அவன் நிலையைக் கண்டு ஏழு பகலும் ஏழு இரவும் ஒரு வார்த்தை பேசாமல் அவனோடு தரையில் இருந்தார்கள். அதுவரை அருமையான மனுஷர். வாயைத் திறந்து விளக்கம் சொல்லத் தொடங்கிய பிறகுதான் எல்லாம் பிழையாகிப் போனது. கடைசியில் கடவுள், கடவுளோடு வழக்காடிய யோபுதான் சரியாகப் பேசினான், எனக்காகப் பரிந்து பேசிய நீங்கள் சரியாகப் பேசவில்லை என்று அவர்களைத்தான் கடிந்துகொள்கிறார். 88ஆம் சங்கீதம் ஒரு ஆறுதலும் இல்லாமல் இருட்டிலேயே முடிகிறது, அதை யாரும் வேதாகமத்திலிருந்து வெட்டி எடுக்கவில்லை. அப்புறம் சிலுவை. மாற்கு எழுதியதில் இயேசு சிலுவையில் பேசுவது ஒரே ஒரு வசனம், அதுவும் ஒரு கேள்வி: ஏன் என்னைக் கைவிட்டீர்? அந்த ஊழியர் அன்று கல்வாரியில் நின்றிருந்தால் அவருக்கும் விசுவாசக் குறைவு என்று சொல்லியிருப்பாரோ தெரியாது.

ஜேர்மன் இறையியலாளர் யூர்கன் மோல்ட்மன் இந்தக் கேள்வியிலிருந்துதான் தொடங்கினார். 1943இல் ஹம்பேர்க் நகரம் குண்டுவீச்சில் எரிந்தபோது, கோயில் குளம் தெரியாத வீட்டில் வளர்ந்த பையன் அவர், பக்கத்தில் நின்ற நண்பன் சிதறிப் போனான், தான் மட்டும் தப்பினார். பிறகு ஸ்கொட்லாந்தில் போர்க்கைதியாக இருந்தபோது கையில் கிடைத்த வேதாகமத்தில் அந்தக் கூக்குரலை வாசித்து, என்னைப் புரிந்துகொள்கிற ஒருவர் இங்கே இருக்கிறார் என்று நினைத்தாராம். 2019 உயிர்த்த ஞாயிறன்று சீயோன் தேவாலயத்தில் குண்டு வெடித்து ஞாயிறு பாடசாலைப் பிள்ளைகள் செத்தபோது நம் ஊருக்குத் தேவைப்பட்டது அந்த ஒரு வசனம்தான். அது கிடைத்ததோ இல்லையோ, இது கடவுளின் திட்டம் என்ற பேச்சு ஒரு கிழமைக்குள் கிடைத்தது. எனக்கு நேரேயே ஒருவர் சொன்னார். நான் எழுந்து வந்துவிட்டேன், பதில் சொல்லியிருக்கலாம், சொல்லவில்லை.

முறையிடுவது நமக்குப் புதிதா? வைகாசியில் நம் கண்ணகியம்மன் கோயில்களில் என்ன நடக்கிறது? நீதி கேட்டு எரிந்த ஒரு பெண்ணின் வழக்கை முதலிலிருந்து முடிவுவரை படிக்கிறார்கள், ஒரு வரியையும் விழுங்காமல். அதற்குப் பிறகுதான் அம்மனின் கோபத்தைத் தணிக்கும் குளிர்த்திச் சடங்கு. வழக்கைக் கேட்காமல் நேரே குளிர்த்திக்குப் போகிற பூசாரியை நான் கண்டதில்லை. கிறிஸ்தவனான நான் இதைச் சொல்வது சிலருக்குப் பிடிக்காது, பரவாயில்லை.

அழாதே, சிரித்துக்கொண்டே இரு என்கிற இந்தச் சிரிப்பு மதம் எங்கிருந்து வந்தது என்று பார்த்தால், வேதத்திலிருந்து வந்ததைவிட போனிலிருந்து வந்தது அதிகம் என்றே நினைக்கிறேன். பிரெஞ்சு உளப்பகுப்பாய்வாளர் லக்கான் (அவருடைய தம்பி ஒரு துறவி) மனுஷனுக்குள் இருக்கும் அதிகாரக் குரல் செய்யாதே என்று தடுப்பதை மட்டும் செய்யவில்லை, அனுபவி என்றும் கட்டளையிடுகிறது என்றார். காலையில் வாட்ஸ்அப்பைத் திறந்தால் புரிந்துவிடும். பூவும் சூரிய உதயமும் போட்ட ஆசீர்வாத வசனங்கள், சாட்சிகள், கார் கிடைத்தது, விசா கிடைத்தது. சந்தோஷமாக இல்லாதவன் குற்றவாளி. பெரிய வெள்ளியன்றே உயிர்ப்பு வாழ்த்து அனுப்பிவிடுகிறார்கள், இயேசு கல்லறையில் கிடந்த அந்த நடுச் சனிக்கிழமை யாருக்கும் வேண்டாம். மாமி மாதிரி ஆட்கள் இத்தனை வருடமாக அந்தச் சனிக்கிழமையில்தான் இருக்கிறார்கள்.

இன்னொன்று. உளவியல் மேற்கிலிருந்து வந்த சரக்கு என்று கட்டுரையாளர் எழுதியது மட்டக்களப்பில் இருந்துகொண்டு எழுதக்கூடியது அல்ல. போர் நடந்துகொண்டிருந்த 1996இல் இங்கே தொடங்கிய வண்ணத்துப்பூச்சிப் பூங்காவை அவர் கேள்விப்படவில்லையா? பால் சற்குணநாயகம் அடிகளார், இயேசுசபைத் துறவி, உளவியல் படித்தவர், போரில் அடிபட்ட பிள்ளைகளுக்காக அதை நடத்தினார். தமிழ்ப் பிள்ளைகளும் முஸ்லிம் பிள்ளைகளும் வந்து களிமண் பிசைந்தார்கள், கீறினார்கள், கதை கட்டினார்கள். கண்டதைச் சொல்ல வாய் வராத பிள்ளைக்கு மண்ணும் நிறமும் வாயாகும் என்ற எளிய எண்ணம்தான். அதற்காக அவர் பூசை வைப்பதை நிறுத்தவில்லை.

மாமியைக் கடைசியில் ஒரு உளவளத்துணையாளரிடம் கூட்டிப்போனது என் மகள். அந்த உளவளத்துணைப் பிள்ளை புத்திமதி ஒன்றும் சொல்லவில்லையாம், உங்கட மகனுக்கு என்ன கறி விருப்பம் என்று மட்டும் கேட்டதாம். மாமி ஒரு மணித்தியாலம் பேசினார், ஒரு வருடத்துக்குப் பிறகு அழுதார். இப்போதும் செபமாலை சொல்கிறார், இப்போதும் முன்கதவுக்குத் தாழ்ப்பாள் இல்லை. ஆனால் மா வாங்க அனுப்பிய கதை குறைந்துவிட்டது.

கடைசியாக ஒரு வேண்டுகோள். மதம் ஒரு மாயை என்ற பிராய்டின் புத்தகத்தை மறுத்துப் பிஸ்டர் எழுதிய பதிலை, 1928இல் பிராய்டே தன்னுடைய சஞ்சிகையில் வெளியிட்டார். கட்டுரையாளர் எனக்கு மறுப்பு எழுதினால் அதையும் முழுதாகப் போடுங்கள், வெட்ட வேண்டாம். இந்தக் கடிதம் நீளம் என்றால் என் மூட்டுவலிக் கதையை வெட்டுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர்,
கல்லடி, மட்டக்களப்பு.