மக்தாவின் இரண்டு வாழ்க்கைகள்

அன்புள்ள யாழினி,

நாடகக் குழுவை விட்டுவிட்டுப் படிக்கப் போகலாமா என்று கடிதத்தில் கேட்டிருந்தாய். அதில் "இத்தனை வருஷ உழைப்பும் வீண்தானா அம்மா" என்ற வரி என்னைத் தூங்கவிடவில்லை. அதனால் எனக்கு மிகவும் பிடித்த ஒரு நடிகையைப் பற்றி உனக்குச் சொல்லியாக வேண்டும்.

மக்தா வாஷாரியோவா, ஸ்லோவாக்கியாக்காரர். அப்போது அது செக்கோஸ்லோவாக்கியா என்ற நாட்டின் ஒரு பகுதி. 1948இல் பான்ஸ்கா ஷ்டியாவ்னிட்சா என்ற பழைய சுரங்க ஊரில் பிறந்தவர். அக்கா எமிலியாவும் பெரிய நடிகை. ஆனால் மக்தா பல்கலைக்கழகத்தில் படித்தது நடிப்பை அல்ல, சமூகவியலை.

பிரான்டிஷெக் விளாச்சில் இயக்கத்தில் மக்தா நாயகியாக நடித்த 'மார்கெட்டா லாசரோவா' 1967இல் வெளிவந்தபோது அவருக்கு இருபது வயதுகூட ஆகவில்லை. கன்னிமாடத்துக்கு என்று நேர்ந்துவிட்ட பெண்ணை ஒரு கொள்ளைக் கூட்டம் தூக்கிக்கொண்டு போகிற இடைக்காலக் கதை. வசனம் கொஞ்சம்தான். பயம், வெறுப்பு, பிறகு அந்தக் கொள்ளைக்காரன் மேலேயே வருகிற காதல், எல்லாமே முகத்திலேயே நடக்கும். 1998இல் செக் விமர்சகர்கள் தங்கள் சினிமாவின் மிகச் சிறந்த படமாக அதைத்தான் தேர்ந்தெடுத்தார்கள். நீ இன்னும் பார்க்கவில்லையென்றால் இந்த வாரமே பார்.

1968 ஆகஸ்டில் அங்கே நடந்த சீர்திருத்தங்களை நசுக்க, சோவியத் டாங்கிகள் செக்கோஸ்லோவாக்கியாவுக்குள் வந்தன. அடுத்த வருஷம் யூரை யாக்குபிஸ்கோ இயக்கத்தில் 'பறவைகள், அநாதைகள், பைத்தியங்கள்' படத்தில் நடித்தார். கம்யூனிஸ்ட் அரசு அதைத் தடை செய்துவிட்டது. அந்த ஆட்சி விழுந்த பிறகுதான் அங்குள்ள ஜனங்கள் அதைப் பார்க்க முடிந்தது. ஒரு நடிகையின் நல்ல உழைப்பு இருபது வருஷம் பெட்டிக்குள் கிடந்தது என்பதை நினைத்தால் எனக்கு இன்றும் ஆற்றாமையாக இருக்கிறது.

அப்புறம் யிர்ஷி மென்ட்ஸெல் இயக்கிய 'போஸ்ட்ரிஷினி'. மதுபான ஆலை மேலாளரின் மனைவியாக, நீளக் கூந்தலோடு சைக்கிளில் போவார், ஆலையின் புகைபோக்கி உச்சிவரை ஏறுவார். அவ்வளவு சந்தோஷமான பெண் பாத்திரங்கள் சினிமாவில் குறைவு. 'சோஃபிஸ் சாய்ஸ்' என்ற ஹாலிவுட் படத்தின் நாயகியாக அதன் இயக்குநர் ஆலன் பக்குலா முதலில் இவரைத்தான் மனதில் வைத்திருந்தார் என்பார்கள். கடைசியில் அந்தப் பாத்திரம் மெரில் ஸ்ட்ரீப்புக்குப் போனது.

1989 கடைசியில் ஆட்சி மாறியது. 1990இல் மக்தா ஆஸ்திரியாவுக்குச் செக்கோஸ்லோவாக்கியாவின் தூதரானார். ஸ்லோவாக்கியத் தலைநகர் பிராட்டிஸ்லாவாவிலிருந்து ஆஸ்திரியத் தலைநகர் வியன்னா அறுபது கிலோமீட்டர்தான். ஆனால் அதுவரை நடுவில் முள்வேலி, காவல் கோபுரம். கண்ணுக்குத் தெரிகிற தூரத்தில் இருந்தும் எட்ட முடியாத ஊருக்கு, தன் நாட்டின் சார்பில் பேசப் போனார்! நடிகைக்கு எதற்கு இந்த வேலை என்று எவராவது கேட்டிருந்தால் நான் சொல்லும் பதில் இதுதான்: முன்பின் தெரியாத மனிதர்கள் நிறைந்த அறைக்குள் போய், எதிரில் இருப்பவர் சொல்வதை உன்னிப்பாகக் கேட்டு, நிதானம் தவறாமல் பேசுவது அவர் காலமெல்லாம் செய்துவந்த வேலை. நீயும் அதைத்தான் செய்துகொண்டிருக்கிறாய். 1993 பிறந்தபோது அவர் எந்த நாட்டின் தூதராகப் போனாரோ அந்த நாடே செக் குடியரசு, ஸ்லோவாக்கியா என்று இரண்டாகப் பிரிந்துவிட்டது.

1999இல் ஸ்லோவாக்கியாவில் மக்கள் முதல்முறையாக நேரடியாக அதிபரைத் தேர்ந்தெடுத்தார்கள். மக்தா நின்றார், தோற்றார். சுமார் 6.6 சதவீத வாக்குதான். அதோடு ஒதுங்கிவிடவில்லை. போலந்துக்குத் தூதராகப் போனார், 2006 முதல் பத்து வருஷம் நாடாளுமன்றத்தில் இருந்தார். அந்த நாட்டுக்கு ஒரு பெண் அதிபர் வாய்த்தது 2019இல்தான்.

சினிமாவுக்கு அது நஷ்டமா என்றால் நஷ்டம்தான். நாற்பது வயதுக்கு மேல் அவர் என்னவெல்லாம் நடித்திருப்பார் என்று நான் ஏங்கியதுண்டு. ஆனால் அந்த ஏக்கம் என்னைப் போன்ற ரசிகர்களுடையது. அதற்காக அவர் தன் வழியை மாற்றிக்கொள்ள வேண்டியதில்லை. நீயும் உன் ரசிகர்களுக்காக முடிவெடுக்காதே, எனக்காகவும் வேண்டாம்.

விண்ணப்பத்துக்குக் கடைசித் தேதி எப்போது என்று எழுது. கட்டணம் எவ்வளவு என்றும் சொல், அப்பாவிடம் நான் பேசிக்கொள்கிறேன். யோசித்துப் பார்த்து நாடகத்திலேயே இருக்கிறேன் என்றாலும் சரி, அடுத்த நாடகத்துக்கு எங்களுக்கு இரண்டு டிக்கெட் எடுத்து வை.

அன்புடன்,
அம்மா