எனக்கும் கேட்டது, அண்ணா

அண்ணா,

நான் அந்த வீட்டை விட்டு வந்து இன்றோடு மூன்று ஆண்டுகள். நடந்தது உனக்குத் தெரியும். மற்றவர்களுக்குச் சொல்ல எனக்கு விருப்பமில்லை. இதைப் படிக்கும் உறவினர்கள் ஊகித்துக்கொள்ளட்டும். அதில் அவர்கள் கெட்டிக்காரர்கள். அந்தப் பெண்ணின் பெயரும் இங்கே வராது. அவர் உன்னிடம் பேசியது இரண்டே முறை. இதை எத்தனை தடவை சொல்லியிருப்பேன்!

உனக்கும் தெரியாத ஒன்றைச் சொல்லத்தான் எழுதுகிறேன்.

ஃபிரிட்ஜ் மோட்டார் ஓடும் நேரமும் ஓயும் நேரமும் அவர் உனக்கு அனுப்பும் சேதி என்று நோட்டில் குறித்துக்கொண்டிருந்தாய். உன்னைத் தூங்கவைக்க வேறு வழி தெரியாமல், பாதி இரவை நான் விழித்துக் குறிப்பதாக ஒப்புக்கொண்டேன். இரக்கம்தான், வேறொன்றுமில்லை. அப்படித்தான் தொடங்கியது.

அன்றிரவு மின்சாரம் போய்விட்டது. மெழுகுவத்தி வெளிச்சத்தில் இருவரும் உட்கார்ந்திருந்தோம். "இப்போது நின்றது" என்றேன். நீ என் தலையை வருடி, "உனக்கும் கேட்கத் தொடங்கிவிட்டது" என்றாய். அவ்வளவு அன்பாக நீ என்னைப் பார்த்துப் பல மாதங்கள் ஆகியிருந்தன. எனக்குக் கண் கலங்கியது. விடியற்காலையில் விளக்கு எரிந்து, ஃபிரிட்ஜ் உதறிக்கொண்டு ஓடத் தொடங்கியபோதுதான் உறைத்தது: இரவு முழுக்க அது ஓடவே இல்லை. நான் கேட்டது எதை?

லசேக், ஃபால்ரே என்ற இரு பிரெஞ்சு மருத்துவர்கள் 1877-லேயே இதை எழுதிவைத்திருக்கிறார்கள். அறிவில் கூடியவர் ஒரு பொய்யுலகைக் கட்டுவார். கூடவே அடைந்துகிடப்பவர் சற்று எதிர்த்துப் பார்த்துவிட்டு அதற்குள் போய்விடுவார். சிறு வயதிலிருந்தே நம் கதை அதுதானே? விளையாட்டின் விதிகளைக்கூட நீதான் வகுப்பாய்.

பிரித்துவைப்பதுதான் அவர்கள் சொன்ன வழி. பிரிந்தால் தேறுவது பெரும்பாலும் இரண்டாமவர்தான். முதலாமவருக்குச் சிகிச்சை வேண்டும். அது தெரிந்தேதான் வந்தேன். நான் தேறிவிட்டேன். அதற்குத்தான் மன்னிப்புக் கேட்கிறேன், போனதற்கு அல்ல. எத்தனை டாக்டர்களிடம் நேரம் வாங்கிக் கொடுத்தேன்! ஒன்றுக்காவது வந்தாயா?

நோட்டுகளை எரித்துவிட்டதாகச் சொன்னது பொய். கடைசி நோட்டு என்னிடம் இருக்கிறது. அந்த இரவின் பக்கத்தில் என் கையெழுத்தில், "2.40, நின்றது".

வேண்டுமானால் வந்து வாங்கிக்கொள். வேண்டாம், இப்போது வராதே. டாக்டரைப் பார்த்துவிட்டு வா. அதுவரை பத்திரமாக வைத்திருக்கிறேன்.

தங்கை