பூத்த பின் வெட்டும்

ஒட்டுசுட்டான்,
பங்குனி மாதம்.

அன்பின் நண்பர் தேவராசாவுக்கு,

நாங்கள் யாவரும் நலம். உமது வீட்டாரின் நலமும் அவ்வாறே அமைய வேண்டுகிறேன். ஒட்டாவா வீட்டு முற்றத்தில் நீர் வளர்க்கும் போர்சித்தியா என்ற பூச்செடி கடந்த இளவேனிலில் முழங்கால் உயரத்துக்குக் கீழே மட்டும் மஞ்சளாகப் பூத்து, மேலே வெறுங்கொப்பாக நின்றதென்று எழுதியிருந்தீர். அதை அதற்கு முந்திய இலையுதிர்காலத்தில் ஒருவரைக் கொண்டு உருண்டையாகக் கத்தரிப்பித்த செய்தியையும் அதே கடிதத்தில் கண்டபோது என் மனம் பதைத்தது.

இலைக்கு முன்னரே பூக்கும் இத்தகைய செடிகளுக்கு முந்திய கோடையில் வளர்ந்த கொப்புகளிலேயே பூமொட்டு உருவாகி, குளிர்காலம் முழுவதும் உறங்கிக் கிடந்து, சித்திரை வெயில் பட்டதும் விரிகிறது. ஆகையால் இலையுதிர்காலத்தில் நுனிகளை வெட்டுபவர் வரப்போகும் பூவையே வெட்டி எறிகிறார். பூ உதிர்ந்த கையோடு கத்தரிப்பதே முறை. அதுவும் உருண்டையாக அன்று. மிக முதிர்ந்த தண்டுகளில் மூன்றில் ஒரு பங்கை நிலமட்டத்தில் அறுத்தெடுத்தால், அடியிலிருந்து எழும் புதுத் தண்டுகள் கோடை முழுவதும் வளர்ந்து மொட்டுக்கட்டும்.

ஆயினும் பழி முழுவதையும் கத்தரிக்கோலின் மேல் போட எனக்குத் தயக்கம். போர்சித்தியாவின் தண்டு தாங்கும் குளிரை அதன் பூமொட்டு தாங்காது. கடுங்குளிரில் வெளியே நின்ற மொட்டுகள் கருகிவிட, பனிக்குவியலுக்குள் புதைந்திருந்த கீழ்க்கொப்புகள் மட்டும் பிழைத்துப் பூப்பது உங்கள் பக்கத்தில் வழமை. அதுதான் காரணமென்றால் எவ்வளவு கவனமாக வெட்டினாலும் பயனில்லை. 'நோர்தேர்ன் கோல்ட்' என்ற வகையைத் தேடி நடும். அது குளிரைத் தாங்கவென்றே உமது நகரில், கனடிய விவசாயத் திணைக்கள ஆய்வாளர்கள் உருவாக்கியது.

எனக்கும் ஒரு கொப்பு அனுப்பட்டுமா என்று கேட்டீர். உமது அன்புக்கு நன்றி, ஆனால் வேண்டாம். அந்த மொட்டின் உறக்கம் கலைய 0 முதல் 7 பாகை செல்சியஸ் வரையான குளிர் வாரக்கணக்கில் வேண்டும். வன்னியின் மார்கழி வாடை அதற்குக் கிட்டவும் வராது. பூக்காத செடிக்கு இந்தச் செம்மண்ணில் கிணற்றுத் தண்ணீர் இறைக்க எனக்கு விருப்பமில்லை.

நமக்குக் காயா என்ற நீலப்பூச் செடி இருக்கிறது. காணி துப்புரவாக்கியபோது வேலியோரம் நின்ற காயாக்களை வெட்டவிடாமல் காத்தேன். பெரும்போக அறுவடை முடிந்து வயல் வெறிச்சோடிக் கிடக்கும் இக்காலத்தில், இடையே ஒரு மழை விழுந்தால், இலையில்லாத பழைய கணுக்களிலும் நீலப்பூ கொத்துக்கொத்தாக வெடித்துத் தடியையே மறைத்துவிடுகிறது. சில நாட்களுக்குத்தான், அந்தச் சில நாட்களில் வேறு எந்தப் பூவையும் என் கண் தேடுவதில்லை. முதிர்ந்த தடியில் பூப்பதால் இதற்கும் உமது செடிக்கும் ஒரே சட்டம்: பூ முடிந்த பின்பே கத்தி. கன்றுகளைச் சுற்றி மட்டும் முட்கம்பி அடித்திருக்கிறேன், ஏனெனில் கட்டாக்காலி மாடுகள் இப்போது பச்சை எதையும் விட்டுவைப்பதில்லை.

பனி உருகுமுன் ஒரு வேலை செய்யும். புதரைச் சுற்றியுள்ள பனியின் உயரத்தில் தண்டுகளில் நாடா கட்டிவிடும். பூக்கும்போது பூ அந்த நாடாவோடு நின்றுவிட்டால் குளிரே காரணம். நாடாவுக்கு மேலேயும், வெட்டுப்படாத கொப்புகளில் பூ இருந்தால் கத்தரிக்கோல். எதுவென்று எழுதும், புதிய கன்று வாங்குவதை அதன் பிறகு தீர்மானிக்கலாம்.

இப்படிக்கு,
அன்புள்ள நண்பன்,
குணரத்தினம்