மழை விட்டதும் வரும் பாட்டு

ஆசிரியருக்கு வணக்கம்.

மழைக்காலத்தில் கேட்க ஏற்ற பாடல்கள் என்று உங்கள் வார இணைப்பில் வந்த பட்டியலில், எலெக்ட்ரிக் லைட் ஆர்கெஸ்ட்ரா என்ற பிரிட்டிஷ் ராக் குழுவின் ‘மிஸ்டர் ப்ளூ ஸ்கை’யும் இருந்ததைப் பார்த்து மிகவும் சந்தோஷப்பட்டேன். மெல்லிசைக் கச்சேரிகளில் வயலின் வாசிப்பவன் நான். அதைத் தனிப் பாட்டாகக் கேட்டால் பாதிதான் கிடைக்கும் என்பது என் கட்சி.

1977-இல் வந்த ‘அவுட் ஆஃப் த ப்ளூ’ இரட்டை இசைத்தட்டின் மூன்றாம் பக்கம் முழுவதும் மழைநாளுக்கான ஒரே தொகுப்பு. நான்கு பாடல்கள். மழைச் சத்தத்தோடு ஆரம்பித்து, நான்காவதில்தான் வானம் வெளுக்கிறது. இதை எழுதிய குழுத் தலைவர் ஜெஃப் லின் அப்போது சுவிட்சர்லாந்தில் ஒரு மலை வீட்டில் தங்கியிருந்தார். நாள்கணக்கில் மழை, மூட்டம். பாட்டு எதுவும் சரியாக அமையவில்லை. வெயில் வந்து மலைகள் கண்ணில் பட்ட பிறகு பாட்டுகள் மளமளவென்று பிறந்தன. அந்த நனைந்த மூன்று பாடல்களைத் தாண்டி வந்தவருக்கு, நான்காவதின் பியானோ தட்டல் விழும்போது உடம்பே லேசாகும்.

அப்புறம் அந்த முடிவு! பாட்டு முடிந்துவிட்டது என்று நினைக்கும்போது வேகம் குறைகிறது, தந்தி வாத்தியங்களும் கோரஸும் சேர்ந்து ஒரு பெரிய கச்சேரியின் கடைசிக் கட்டம்போல எழும்புகின்றன. வில் பிடித்த கைக்குத் தெரியும், இது ராக் பாட்டுக்கு ஒப்புக்குப் பூசிய வயலின் இல்லை. லினுடனும் கீபோர்டுக்காரர் ரிச்சர்ட் டாண்டியுடனும் சேர்ந்து லூயிஸ் கிளார்க் அமைத்த ஆர்கெஸ்ட்ரா அது. குழுவிலேயே மிக் கமின்ஸ்கி வயலின், கூடவே வயலினின் பெரிய அண்ணன் போன்ற செலோ வாசிக்க இருவர். இதே பாட்டில் மணிச் சத்தத்துக்காக டிரம்மர் பெவ் பெவன் தீயணைப்பு சிலிண்டரைத் தட்டியதும் உண்டு. சந்தோஷத்துக்கு இவ்வளவு உழைத்திருக்கிறார்கள்.

எல்லாம் ஓய்ந்ததும் இயந்திரக் குரல் ஒன்று, என்னைத் திருப்பிப் போடுங்கள் என்கிறது. நான்காம் பக்கத்துக்கு இசைத்தட்டைத் திருப்பச் சொல்கிறது அது. செல்போனில் தனிப் பாட்டாகக் கேட்பவர்களுக்கு இது எப்படிப் புரியும்?

2017-இல் ஒரு ஹாலிவுட் படத்தின் டைட்டில் காட்சியில் இந்தப் பாட்டு ஒலித்தது. லின் பிறந்த பர்மிங்ஹாமில் கால்பந்து ரசிகர்களும் மைதானத்தில் பாடுகிறார்கள். இளைஞர்கள் தேடி வருவதில் ஆச்சரியமே இல்லை. அடுத்த பட்டியலில் தயவுசெய்து மூன்றாம் பக்கம் முழுவதையும் வரிசை மாறாமல் போடுங்கள், லூயிஸ் கிளார்க் பெயரையும் சேர்த்து.

— வயலின் கலைஞர், திருச்சி